படத்தைப் பார்த்து எழுதியது போதும்

சிங்கப்பூரில் தமிழ் படித்தவர்கள் யாருக்கும் அந்தத் தாள் மறந்திருக்காது. வரிசையாகச் சில படங்கள். ஒரு சிறுவன் சைக்கிளில் வருகிறான். அடுத்த படத்தில் ஒரு மூதாட்டி சாலையைக் கடக்கிறார். அதற்கடுத்த படத்தில் விபத்து. கீழே கட்டம் போட்டு உதவிச்சொற்கள்: விரைந்து, பதறி, கூட்டம், நன்றி. பிள்ளை பேனாவை எடுக்கிறது. ஆதவன் கீழ்வானில் எழுகிறான், பறவைகள் பாடுகின்றன, தென்றல் வீசுகிறது. துணைப்பாட வகுப்பில் மனப்பாடம் செய்த அந்த முதல் பத்திக்கும் சைக்கிளுக்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. ஆனாலும் மதிப்பெண் விழுகிறது.

படங்களைக் கோத்துக் கதை சொல்வது நல்ல பயிற்சிதான். எத்தனையோ பேர் அதில்தான் வாக்கியம் அமைக்கப் பழகினார்கள். என் வருத்தம் வேறு. ஆறு ஆண்டுகள் தொடக்கப்பள்ளியில் படிக்கும் பிள்ளை அந்தப் படங்களில் ஒன்றையாவது தானே தேர்ந்தெடுத்திருக்கிறதா? படம் எப்போதும் ஆசிரியரிடமிருந்தோ தேர்வுத் தாளிலிருந்தோ வருகிறது. அதைப் பார்த்து எழுதுவது மட்டும்தான் பிள்ளையின் வேலை.

அதே பிள்ளை வீட்டுக்கு வந்தால் கைப்பேசியில் காணொளி எடுக்கிறது, வேண்டாத நொடிகளை வெட்டுகிறது, பொருத்தமான இசையைத் தேடிச் சேர்க்கிறது, கீழே எழுத்து ஓடவிடுகிறது. படம், ஒலி, சொல், இடைவெளி எல்லாவற்றையும் வைத்து ஒன்றைச் சொல்லி முடிக்கிறது. அதுவும் எழுதுவதுதான். பெரும்பாலும் ஆங்கிலத்தில் எழுதுகிறது என்பதுதான் நம் கவலையாக இருக்க வேண்டும்.

பல்லூடக எழுத்தாக்கம் என்று கல்வியாளர்கள் இப்போது பேசுவது இதைப் பற்றித்தான். 1994இல் அமெரிக்காவின் நியூ ஹாம்ப்ஷர் மாநிலத்தில் நியூ லண்டன் என்ற சிற்றூரில் பத்து ஆய்வாளர்கள் கூடினார்கள். மொழி, காட்சி, ஒலி, உடலசைவு, இட அமைப்பு ஆகிய ஐந்தும் சேர்ந்துதான் இன்று மனிதர்கள் பொருளை உண்டாக்குகிறார்கள், பள்ளிக்கூடம் முதலாவதை மட்டும் எழுத்தாகக் கருதினால் போதாது என்று 1996இல் ஒரு நீண்ட கட்டுரை வெளியிட்டார்கள். எழுதுகிறவரை அவர்கள் வடிவமைப்பாளராகப் பார்த்தார்கள். கையில் இருக்கும் வழிகளில் எதை எங்கே பயன்படுத்துவது என்று முடிவெடுப்பவர் அவர். அந்தப் பத்துப் பேரில் ஒருவரான ஆலன் லூக், 2000களின் தொடக்கத்தில் நம் தேசியக் கல்விக் கழகத்துக்கு வந்து, அங்கு புதிதாக அமைந்த கற்பித்தல் ஆய்வு மையத்தின் முதல் தலைவராகப் பணியாற்றினார். ஆகவே இந்தச் சிந்தனை சிங்கப்பூருக்குப் புதிதன்று. 2010ஆம் ஆண்டு ஆங்கிலப் பாடத்திட்டத்தில் படித்தலோடு பார்த்தலும், எழுதுதலோடு காட்டுதலும் அதிகாரபூர்வமாக இடம்பெற்றுவிட்டன.

தமிழில் என்ன நடந்தது? 2011இல் வெளிவந்த தாய்மொழி மறுஆய்வுக் குழுவின் அறிக்கைக்குப் பிறகு, கேட்டல், பேசுதல், படித்தல், எழுதுதல் என்ற நான்கு திறன்களோடு பேச்சுவழிக் கருத்துப்பரிமாற்றமும் எழுத்துவழிக் கருத்துப்பரிமாற்றமும் சேர்ந்தன. நல்ல மாற்றம். 2017 முதல், தொடக்கப்பள்ளி இறுதித் தேர்வான பிஎஸ்எல்இயின் தமிழ் வாய்மொழித் தேர்வில் படத்துக்குப் பதிலாகக் காணொளி வந்தது. அதுவும் நல்ல மாற்றம். ஓடும் காட்சியையும் ஒரு பனுவலாகப் படிக்கலாம் என்பதைத் தேர்வே ஒப்புக்கொண்டுவிட்டது. ஆனால் பார்க்கச் சொல்வதோடு நிற்கிறோம். காட்டச் சொல்வதில்லை.

நம் மரபுக்கு இது அந்நியமும் அல்ல. முத்தமிழைப் பற்றி மேடையில் கேட்டுக் கேட்டுச் சலித்திருப்பீர்கள், அதை விட்டுவிடுகிறேன். அணியிலக்கண நூலான தண்டியலங்காரம் சொல்லணியில் சேர்த்துச் சொல்லும், பாட்டைப் படத்துக்குள் அடைக்கும் சித்திரகவியைப் பாருங்கள். நாகபந்தத்தில் பாம்பின் உடல் வளைந்து தன்னையே வெட்டிக்கொள்ளும் இடங்களில் நிற்கும் எழுத்து, இரண்டு அடிகளுக்கும் பொதுவாக இருக்க வேண்டும். படம் சொல்லைக் கட்டுப்படுத்துகிறது, சொல் படத்தை நிரப்புகிறது. வெறும் அலங்காரம் என்று பிற்காலத்தில் பலர் அதை ஒதுக்கினார்கள். கவிச்சுவை குறைவு என்பதை ஒப்புக்கொள்ளலாம். ஆனால் எழுத்து நிற்கும் இடத்துக்கும் பொருள் உண்டு என்று அந்தப் புலவர்கள் அறிந்திருந்தார்கள்.

பூக்கடையில் ஒரு நிமிடம்

பெரிய பேச்சை விட்டுவிட்டு ஒரு பாடத்தை எடுத்துக்கொள்வோம். உயர்நிலை ஒன்றில் படிக்கும் ஒரு மாணவியிடம், லிட்டில் இந்தியாவில் உள்ள தேக்காவைப் பற்றி ஒரு நிமிடப் படக்கட்டுரை செய்யச் சொல்கிறோம் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஐந்து நிழற்படங்கள், அவளுடைய குரல், தேவைப்பட்ட இடத்தில் வரிகள். அவ்வளவுதான்.

முதல் முயற்சி எப்படி இருக்கும் என்று ஊகிக்க முடியும். தேக்கா நிலையத்தின் முகப்பு, சிராங்கூன் சாலை, கெர்பாவ் ரோட்டில் இருக்கும் டான் டெங் நியாவின் வண்ண வீடு. ஒவ்வொரு படத்தின் கீழும் ஒரு வரி: 'இது தேக்கா.' 'இங்கே பல கடைகள் உள்ளன.' பின்னணியில் எங்கிருந்தோ இறக்கிய வீணை இசை. சுற்றுலாக் கையேடு தோற்றுப்போகும்.

நல்ல ஆசிரியர் இங்கேதான் வேலையைத் தொடங்குகிறார். 'படத்துல தெரியறத மறுபடியும் ஏன் எழுதியிருக்க?' என்று கேட்கிறார். பல்லூடக எழுத்தின் முதல் பாடம் அந்தக் கேள்விக்குள் இருக்கிறது. படம் சொல்லிவிட்டதைச் சொல் திரும்பச் சொல்லக் கூடாது. படத்தால் சொல்ல முடியாதது எது என்று பிள்ளை தேட வேண்டும்.

மாணவி திரும்பிப் போகிறாள். இந்த முறை தேக்கா முழுவதையும் எடுக்கவில்லை. ஒரே ஒரு பூக்கடை. படம் எடுக்கும் முன் அனுமதி கேட்க வேண்டும் என்பது விதி. வகுப்பறையில் ஆசிரியரிடம் தமிழ் பேசாமல் தப்பித்துவிடலாம், பூக்கடையில் முடியாது. 'ஆன்ட்டி, ஸ்கூல் ப்ராஜெக்ட். உங்க கைய மட்டும் படம் எடுத்துக்கலாமா?' அந்த ஒரு வாக்கியத்தை எப்படிக் கேட்பது, எவ்வளவு பணிவோடு கேட்பது, மறுத்தால் என்ன சொல்வது என்பதற்கு எந்தப் பயிற்சித்தாளிலும் விடை இல்லை. அவளாகத்தான் கண்டுபிடிக்க வேண்டும்.

கடைக்காரப் பெண் நூலைச் சுற்றி, மொட்டை வைத்து, முடிச்சு இறுக்குகிறார். விரல்கள் ஓடுகிற வேகத்தில் நிழற்படம் கலங்குகிறது. அந்தக் கலங்கலை அழித்துவிடலாமா, வைத்துக்கொள்ளலாமா? வைத்துக்கொண்டால் வேகம் தெரியும். இது ஓர் எழுத்தாளரின் முடிவு. வாடிக்கையாளர் ஒருவர் வருகிறார். 'எத்தன மொழம் வேணும்?' மாணவிக்கு அந்தச் சொல் தெரியாது. ஆனால் பூச்சரத்தை முழங்கையிலிருந்து விரல்நுனிவரை இழுத்து அளக்கும் கை அவள் கண்முன்னே இருக்கிறது. படம் எடுக்கிறாள். அகராதியில் பார்த்து மனப்பாடம் செய்ய வேண்டிய 'முழம்' என்ற சொல், ஓர் உடலசைவாக அவளிடம் வந்து சேர்ந்துவிட்டது. படத்தின் கீழ் அதை எழுதும்போது ழகரத்தையும் அவள் தவறவிட மாட்டாள்.

இனி ஒலி. சந்தை இரைச்சலில் கடைக்காரரின் குரல் அமுங்கிவிடுகிறது. கைப்பேசியை எவ்வளவு கிட்டே கொண்டுபோவது? இரைச்சலை முழுவதும் நீக்கினால் தேக்கா போய்விடும், அப்படியே விட்டால் பேச்சு போய்விடும். எந்த விநாடியில் எல்லா ஒலியையும் நிறுத்துவது? இசையை எடுத்தெறிந்துவிட்டு, முடிச்சை இறுக்கி நூலை அறுக்கும் ஓசையை மட்டும் வைத்தால் என்ன? இப்படி ஒவ்வொன்றையும் யோசிக்கும் பிள்ளை, நாளை தாளில் எழுதும்போதும் எந்த வாக்கியத்தை வெட்டுவது என்று யோசிக்கும்.

மணம் மட்டும் எந்தக் கருவிக்கும் அகப்படாது. அங்கேதான் சொல் வந்தாக வேண்டும். மல்லிகையின் மணம் எப்படி இருக்கிறது, பக்கத்து மசாலாக் கடையின் வாசனையோடு அது எப்படிக் கலக்கிறது, சரம் யார் தலைக்கு அல்லது எந்தச் சாமிக்குப் போகிறது, காலையில் பூ எத்தனை மணிக்கு வந்தது. இவற்றைச் சொல்ல அந்த மாணவிக்கு உண்மையாகவே தமிழ்ச் சொற்கள் வேண்டியிருக்கின்றன. ஆதவனும் தென்றலும் இங்கே உதவ மாட்டார்கள்.

பேசுவதும் எழுதுவதும்

தமிழ் வகுப்பறைக்கு மட்டும் இதில் இன்னொரு பெரிய ஆதாயம் உண்டு. நாம் பேசுவது ஒரு தமிழ், எழுதுவது இன்னொரு தமிழ். வீட்டில் தமிழ் குறைவாகக் கேட்டு வளரும் பிள்ளைக்கு இந்த இரண்டும் இரு மொழிகள்போல் தெரிகின்றன. 2005இல் தமிழ்மொழிப் பாடத்திட்ட, கற்பித்தல்முறை மறுஆய்வுக் குழு, வகுப்பறையில் பேச்சுத் தமிழுக்கு இடம் கொடுக்க வேண்டும் என்று பரிந்துரைத்தது துணிச்சலான காரியம். அதுவரை 'வந்தாங்க' என்று சொன்ன பிள்ளையை 'வந்தார்கள்' என்று திருத்துவதே பாடமாக இருந்தது. பிள்ளை வாயை மூடிக்கொண்டது, அல்லது ஆங்கிலத்துக்குத் தாவியது.

ஆனால் காகிதக் கட்டுரையில் பேச்சுத் தமிழுக்கு உரையாடலைத் தவிர வேறு இடமில்லை. பூக்கடைப் படக்கட்டுரையில் இரண்டு தமிழுக்கும் இயல்பாகவே இடம் பிரிந்துவிடுகிறது. குரலில் வருவது பேச்சு. திரையில் நிற்பது எழுத்து. 'இந்த ஆன்ட்டி விடியற்காலையிலேயே கடை தொறந்துடுவாங்க' என்று அவள் குரல் சொல்லும்போதே, திரையில் 'விடியுமுன் தொடங்கும் கடை' என்ற வரி நிற்கலாம். ஏன் இங்கே அது, ஏன் அங்கே இது என்று யாரும் விதி சொல்லித் தர வேண்டியதில்லை. மாற்றிப் போட்டுக் கேட்டாலே காதில் இடிக்கும். திரையில் 'தொறந்துடுவாங்க' என்று பார்த்தால் கண்ணில் உறுத்தும். அந்த உறுத்தல் வந்துவிட்டால் பிள்ளைக்கு எழுத்துத் தமிழின் நடை பிடிபட்டுவிட்டது என்று பொருள். தமிழ்ப் பாடத்தில் பல்லூடக எழுத்தைக் கொண்டுவர இந்தக் காரணம் ஒன்றே போதும் என்பது என் உறுதியான கருத்து.

கொம்பு உடையும் இடம்

இப்படிப்பட்ட படக்கட்டுரையைச் செய்து பார்த்த ஆசிரியர்களுக்குத் தெரிந்த தொல்லை ஒன்று உண்டு. பிள்ளை பாடுபட்டு எழுதிய வரியைக் காணொளிச் செயலியில் ஒட்டினால், எழுத்து சிதறிவிடும். 'பொ' என்று இருக்க வேண்டிய இடத்தில் கொம்பு ஒரு பக்கம், கால் ஒரு பக்கம், நடுவில் புள்ளிவட்டம். யூனிகோடு முறையில் மெய்யெழுத்தை முன்னும் உயிர்க்குறியை அதன் பின்னும்தான் கணினி சேமிக்கிறது. காட்டும்போது கொம்பை எழுத்துக்கு முன்னால் கொண்டுவந்து நிறுத்துவது செயலியின் பொறுப்பு. அந்த ஏற்பாடு இல்லாத செயலியில் தமிழ் உடைகிறது. 2017 தேசிய தின அணிவகுப்புக் கையேட்டில் தமிழ் சிதைந்து அச்சானதும் சமூகம் கொதித்ததும் நினைவிருக்கும். பெரியவர்களின் அச்சுக்கே அந்தக் கதி என்றால், பதின்மூன்று வயதுப் பிள்ளை என்ன செய்யும்? சலித்துப்போய் ஆங்கிலத்தில் அடித்துவிடும்.

இந்தப் போராட்டத்துக்குச் சிங்கப்பூரில் ஒரு முன்னோடி இருந்தார் என்பதை இன்றைய மாணவர்கள் அறிய வேண்டும். நா. கோவிந்தசாமி தேசியக் கல்விக் கழகத்தில் தமிழாசிரியர்களுக்குப் பயிற்சி அளித்தவர், சிறுகதை எழுத்தாளர். இணையம் இங்கே பலர் கேள்விப்பட்டிராத காலத்தில் தமிழைத் திரையில் ஏற்றப் பாடுபட்டார். 1995 அக்டோபரில், நான்கு மொழிகளிலும் சிங்கப்பூர்க் கவிதைகளைத் தாங்கிய 'ஜர்னி: வேர்ட்ஸ், ஹோம் அண்ட் நேஷன்' என்ற இணையத்தளத்தை அப்போதைய அதிபர் ஓங் டெங் சியோங் தொடங்கிவைத்தபோது, மற்ற மூன்று மொழிகளோடு தமிழும் நின்றது என்றால் அதற்குக் கோவிந்தசாமியின் உழைப்பு காரணம். தமிழ் இணையத்தில் வைத்த முதல் அடிகளில் அதுவும் ஒன்று. 1997இல் தமிழ் இணைய மாநாடு சிங்கப்பூரில் கூடியது. 1999இல் கோவிந்தசாமி மறைந்தார். 2000இல் உலகத் தமிழ்த் தகவல் தொழில்நுட்ப மன்றமான உத்தமம் இங்கேயே உருவானது. 2005 பொங்கலின்போது கைப்பேசியில் தமிழ் அனுப்பும் முத்து நெடுமாறனின் செல்லினம், ஒலி 96.8 வானொலி வழியே இங்கேதான் அறிமுகமானது.

தமிழாசிரியராகவும் எழுத்தாளராகவும் தொழில்நுட்பராகவும் கோவிந்தசாமி என்ற ஒரே மனிதர் இருந்ததால் அந்தத் தொடக்கம் நடந்தது. இன்று அந்த மூன்று வேலைகளும் பிரிந்து கிடக்கின்றன. 2018இல் வந்த மாணவர் கற்றல் தளமும், 2021 இறுதிக்குள் உயர்நிலை மாணவர் ஒவ்வொருவர் கைக்கும் வந்த மின்னியல் சாதனமும் கருவிப் பஞ்சத்தைத் தீர்த்துவிட்டன. தமிழ் உடையாமல் நிற்கும் செயலிகள் எவை, எந்த எழுத்துரு சிறிய திரையிலும் தெளிவாகத் தெரியும் என்று ஒரு பட்டியல் போட்டு எல்லாப் பள்ளிகளுக்கும் அனுப்புவது அப்படி ஒன்றும் பெரிய வேலை இல்லை. படம் வரையும் செயற்கை நுண்ணறிவுக் கருவிகளைப் பற்றியும் அதில் சொல்ல வேண்டும். அவற்றிடம் தமிழ்ச் சுவரொட்டி கேட்டால், தூரத்துப் பார்வைக்குத் தமிழ்போலவும் கிட்டே போனால் எந்த எழுத்துமாக இல்லாமலும் கோடுகள் வருவது உண்டு. அதைப் பார்த்துப் பிழை கண்டுபிடிக்கச் சொல்வதுகூட ஒரு நல்ல பாடம்தான்.

மதிப்பெண் எங்கே போகிறது?

பள்ளிகளில் சுவரொட்டியும் காணொளியும் செய்யச் சொல்வதே இல்லை என்று சொல்லவில்லை. தமிழ்மொழி விழா நடக்கும் ஏப்ரல் மாதத்தில் நிறையவே நடக்கிறது. குறை என்னவென்றால், அதைக் கொண்டாட்டமாகப் பார்க்கிறோம், பாடமாகப் பார்ப்பதில்லை. போட்டி முடிந்ததும் பிள்ளை மீண்டும் பயிற்சித்தாளுக்குத் திரும்பிவிடுகிறது. மதிப்பெண் கொடுத்தாலும் 'வடிவமைப்பு' என்ற கட்டத்தில் வண்ணத்துக்கும் பளபளப்புக்கும் போய்ச் சேருகிறது. நல்ல கணினி வைத்திருக்கும் வீட்டுப் பிள்ளைக்கு அது சாதகம்.

அமெரிக்காவில் கல்லூரி எழுத்து வகுப்புகளைப் பற்றி ஜோடி ஷிப்கா 2011இல் வெளியிட்ட நூல், ஒரு ஜோடி இளஞ்சிவப்பு பாலே காலணிகளோடு தொடங்குகிறது. ஒரு மாணவி தன் ஆய்வுக் கட்டுரை முழுவதையும் அந்தக் காலணிகளின் மேல் கையால் எழுதியிருந்தார். இதெல்லாம் ஒரு கட்டுரையா என்று கேட்டவர்கள் இருந்தார்கள். ஷிப்காவின் பதில் எனக்குப் பிடித்தது. தன் மாணவர்கள் எதைச் செய்து கொடுத்தாலும், ஏன் அப்படிச் செய்தேன், வேறு எப்படிச் செய்திருக்கலாம், இந்த வடிவம் என் கருத்துக்கு என்ன உதவி செய்தது என்று விரிவாக எழுதித் தரவேண்டும் என்பதை அவர் கட்டாயமாக்கினார். மதிப்பீடு செய்ய அதுவும் ஆசிரியருக்கு வேண்டும்.

நமக்கு இது அப்படியே பொருந்தும். பூக்கடை மாணவி அரைப்பக்கம் எழுதித் தரட்டும்: கலங்கிய படத்தை ஏன் வைத்துக்கொண்டேன், இசையை ஏன் எடுத்தேன், கடைசிப் படத்தில் ஏன் வரி இல்லை. 'ஏனென்றால்', 'அதனால்', 'அப்படிச் செய்திருந்தால்' என்ற சொற்கள் இல்லாமல் அதை எழுத முடியாது. கருத்தறிதல் பயிற்சியில் வலிந்து வரவழைக்கும் மொழித்திறன் இங்கே தேவையால் வருகிறது. ஆசிரியர் திருத்துவதற்கும் கையில் ஏதோ ஒன்று இருக்கும்.

மறுப்புச் சொல்பவர்களை நான் அலட்சியம் செய்யவில்லை. 2010 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்போது வீட்டில் அதிகமாகத் தமிழ் பேசிய இந்தியர்கள் ஏறத்தாழ 37 விழுக்காடு. 2020இல் அது ஏறத்தாழ 29 விழுக்காடாகக் குறைந்துவிட்டது. இருக்கிற கொஞ்ச நேரத்தில் இலக்கணமும் சொல்வளமும் சேர்க்கவே பாடு, இதில் படமும் பாட்டுமா என்று கேட்கும் ஆசிரியரின் கேள்வியில் நியாயம் இருக்கிறது. சொல் தெரியாத பிள்ளை படத்துக்குப் பின்னால் ஒளிந்துகொள்ளும் என்ற அச்சமும் நியாயமானதே. கட்டுப்பாடு இல்லாமல் விட்டால் அப்படித்தான் நடக்கும். அதனால்தான் ஐந்து படம், ஒரு நிமிடம், சொந்தக் குரல், அரைப்பக்க விளக்கம் என்று எல்லை வகுக்கச் சொல்கிறேன். ஆனால் அந்த 29 விழுக்காட்டை வைத்தே நான் எதிர்ப்பக்கம் பேசுவேன். வீட்டில் கேட்காத தமிழைப் பிள்ளை வேறு எங்கே கேட்கும்? பஃபலோ ரோட்டில் கேட்கும். தேக்கா ஈரச்சந்தையில் கேட்கும். தமிழ் கற்பிக்காத பள்ளிகளின் பிள்ளைகள் பள்ளி முடிந்து வந்து படிக்கும் உமறுப்புலவர் தமிழ்மொழி நிலையமே பீட்டி ரோட்டில், சிராங்கூன் சாலைக்குப் பக்கத்தில்தானே இருக்கிறது.

எடுத்துக்கொள்ளப் பொருளுக்கும் பஞ்சமில்லை. பெலிலியோஸ் லேன் சுவரில் கிளி ஜோசியரையும் பூ கட்டுபவரையும் சலவைக்காரரையும் தீட்டியிருக்கிறார்கள். அந்தத் தொழில்களில் எது இன்னும் இருக்கிறது, எது சுவரோடு நின்றுவிட்டது என்று ஒரு வகுப்பு தேடலாம். கேம்பல் லேனில் 2015இல் திறந்த இந்திய மரபுடைமை நிலையம் இருக்கிறது. சூஜியாவ் நிலையம் என்று பெயர் தாங்கி நின்ற கட்டடம் 2000இல் மறுபடியும் தேக்கா நிலையமானதைத் தாத்தா பாட்டிகளிடம் கேட்டு ஒலிப்பதிவு செய்யலாம். 1950களில் தமிழ் முரசு நாளிதழின் மாணவர் மணிமன்றம் ஒரு தலைமுறை எழுத்தாளர்களை உருவாக்கியது, பிள்ளைகளின் எழுத்தை அச்சில் ஏற்றியதால். இன்றைய பிள்ளைகளின் படக்கட்டுரைகளுக்கும் அப்படி ஒரு பொது இடம் வேண்டும். ஆசிரியர் மட்டும் பார்த்து மூடிவைக்கும் கோப்பாக அது இருந்துவிடக் கூடாது.

கல்வி அமைச்சிடமும் தேர்வு வாரியத்திடமும் கேட்பது இது: எழுத்துத் தேர்வை இன்றே மாற்ற வேண்டாம். பள்ளி அளவிலான மதிப்பீட்டில், ஆண்டுக்கு ஒரு கட்டுரையாவது பிள்ளையே தேர்ந்தெடுத்த படமும் குரலும் சேர்ந்ததாக இருக்கட்டும். அதற்கு உண்மையான மதிப்பெண் இருக்கட்டும். பெற்றோரிடம் கேட்பது இன்னும் சின்னது. அடுத்த ஞாயிற்றுக்கிழமை காய்கறி வாங்கத் தேக்காவுக்கு வரும்போது பிள்ளையின் கையிலிருக்கும் கைப்பேசியைப் பிடுங்காதீர்கள். ஒரு கடைக்காரரிடம் தமிழில் அனுமதி கேட்டு ஒரே ஒரு படம் எடுக்கச் சொல்லுங்கள். அந்தப் படத்தில் தெரியாத ஒன்றை அதன் கீழே தமிழில் எழுதச் சொல்லுங்கள்.